முதல் கை

டயர் கடைக்கு மேலே இரண்டு அறை. கீழே காற்றடிக்கும் இயந்திரம் ஓடினால் மேலே தரை அதிரும். சன்னலைத் திறந்தால் ரப்பர் வாசனை, மூடினால் வேர்வை வாசனை. அந்த இரண்டு அறையில் நான்கு பேர் உட்கார்ந்து ஒரு வீடியோ கேம் செய்துகொண்டிருந்தார்கள்.

கேம் இதுதான்: நான்கு பேர் சேர்ந்து ஒரு பழைய இரும்பு பீரோவை மாடிப்படி வழியாக மேலே கொண்டுபோக வேண்டும். ஆளுக்கு ஒரு மூலை. ஒருவர் கையை விட்டால் பீரோ சரிந்து, படியெல்லாம் உருண்டு, கீழே நிற்கும் சைக்கிளை நசுக்கும். சொல்லக் கேட்டால் இதுவும் ஒரு விளையாட்டா என்று தோன்றும். ஆடினால் சிரித்து வயிறு வலிக்கும். கொஞ்ச நேரத்தில் பங்காளிச் சண்டை மாதிரி ஒன்றும் மூளும். நான்கு பேரும் நான்கு வீட்டில் இருந்துகொண்டு இணையம் வழியாகத் தூக்கலாம் என்பதுதான் அதன் விசேஷம்.

அந்த விசேஷம்தான் வேலை செய்யவில்லை.

அலுவலகத்தில் ஆடினால் இணைப்பு ஒருமுறைகூட அறுந்ததில்லை. வெளியே ஆடினால் அறுந்தது. அதுவும் எப்போதும் இல்லை. எப்போதும் அறுந்திருந்தால் தேவலை, ஓட்டை எங்கே என்று தேடலாம். இதுவோ நினைத்தால் அறுந்தது, நினைத்தால் தாக்குப்பிடித்தது. பீரோ தரையை விட்டுக் கிளம்பும் நேரத்தில் திரை உறையும். 'இணைப்பு துண்டிக்கப்பட்டது' என்று நால்வருக்கும் சேர்ந்தாற்போல எழுத்து வரும். மறுபடி ஆடினால் ஒன்றுமே நடக்காத மாதிரி மேல்மாடிவரை ஓடும்.

இதைக் கண்டுபிடிக்க வேண்டியது ஆந்தையின் வேலை. கேமை ஆடிப் பார்த்து, கெட்டுப்போகும் இடத்தைச் சொல்வதற்காக அவளை வைத்திருந்தார்கள். முன்பு அவள் ஓர் இணைய நிறுவனத்தில் இரவுப் பணியில் போன் எடுத்துக்கொண்டிருந்தவள். அந்தப் பழக்கத்தில் இன்னும் ராத்திரி தூக்கம் வராமல், பகலில் அகல விழித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பெயர் அப்படித்தான் ஒட்டிக்கொண்டது. அவளும் கோபித்துக்கொள்ளவில்லை. உள்ளதைச் சொன்னால் கோபிப்பானேன்.

அலுவலகத்தின் சொந்தக்காரரை எல்லோரும் அண்ணன் என்றார்கள். அதட்டிப் பேசத் தெரியாத மனிதர். அவர்தான் அந்த வாரம் செய்தியைச் சொன்னார்.

"வெள்ளிக்கிழமை கம்பெனிக்காரங்க ரெண்டு பேர் அவங்கவங்க வீட்டுல இருந்தே ஆடிப் பாப்பாங்களாம். நல்லா ஓடுச்சுன்னா அவங்களே வெளியிடுவாங்க. அறுந்துச்சுன்னா..." என்று நிறுத்தி, சன்னலைப் பார்த்தார். "மாடியைக் காலி பண்ணிட வேண்டியதுதான்மா."

காலி செய்தால் அண்ணனுக்கு மைத்துனரின் அச்சகம் இருந்தது. நான்கு வீட்டு ஆட்டத்தையும் இணைக்கும் சர்வரை எழுதும் மௌனியை எந்தக் கம்பெனியும் இழுத்துக்கொள்ளும். நாள் முழுக்கப் பத்து வார்த்தை பேசினால் அதிகம் என்றாலும் கைதேர்ந்த வேலைக்காரன். படம் வரையும் ஓவியக்காரிக்கு வெளியில் இப்போதே ஆள் காத்திருந்தது. ஆந்தைக்கு இருந்தது ஒரே இடம். பழைய மேலாளர் போன வாரமும் கூப்பிட்டிருந்தார். "உன் சீட்டு அப்படியேதான் இருக்கு. ராத்திரி ஷிஃப்ட்தான். எப்ப வர்ற?"

அந்தச் சீட்டை நினைத்தாலே அவளுக்கு வாய் கசந்தது. காதில் மாட்டிய கருவி, கண்ணாடித் தடுப்பு, விடிய விடிய ஒரே வசனம்: "எங்க பக்கம் எல்லாம் சரியா இருக்கு சார். உங்க பக்கம் ஒரு தடவை பாருங்க." உண்மையில் எந்தப் பக்கம் என்று அவளுக்குத் தெரியாது. அப்படிச் சொல்லச் சொல்லியிருந்தார்கள், சொன்னாள். பகலில் சன்னலில் போர்வையை அடித்துத் தூங்கினாள். மருந்துக்கடையில் வேலை பார்க்கும் கணவனோடு வாசலில் செருப்பு மாட்டும் நேரத்தில்தான் பேச்சு. ஒருநாள் விடியற்காலை, ஒரு ஆள் "ஹலோ, ஹலோ" என்று கத்திக்கொண்டிருக்கும்போதே கருவியைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்து வந்துவிட்டாள். திரும்பிப் போகும் எண்ணம் இல்லை. ஆனால் வேறு இடமும் இல்லை.

ஆகவே வெள்ளிக்கிழமைக்குள் கண்டுபிடித்தாக வேண்டும்.

முதலில் அலுவலகத்தில் ஆடிப் பார்த்தார்கள். அண்ணன் கேமுக்குள் ஆட்டத்துக்கான அறையைத் திறந்தார். மற்ற மூவரும் நுழைந்தார்கள். நடுவில் பீரோ நின்றது.

"வந்தாச்சா எல்லாரும்?"

"வந்தாச்சுண்ணா."

அண்ணன் 'பிடி' என்ற பச்சைப் பொத்தானை அழுத்தினார். ஓவியக்காரி அழுத்தினாள், மௌனி, பிறகு ஆந்தை. பீரோ கிளம்பியது. மேல்மாடிவரை போய், மொட்டை மாடிக் கதவில் இடித்து நின்றது. இணைப்பு பாறை மாதிரி இருந்தது.

"இங்க ஒரு குறையும் இல்லியே" என்றார் அண்ணன்.

"குறை இருந்தா கண்டுபிடிச்சுடலாம்ணா. இல்லாததுதான் இப்ப தொல்லை" என்றாள் ஓவியக்காரி.

மதியம் ஆந்தை வீட்டுக்கு வந்து தன் கணினியில் அறையைத் திறந்தாள். கணவன் மருந்துக்கடையின் பின்னறையிலிருந்து, ஓவியக்காரி அவள் வீட்டிலிருந்து, மௌனி அலுவலகத்திலிருந்து. நான்கு இடம், நான்கு விதமான இணைப்பு. காதில் குரல் கேட்டுக்கொண்டே ஆடலாம்.

"நான் அழுத்தட்டுமா?" என்றான் கணவன்.

"இருங்க. நான் அழுத்தினதுக்கு அப்புறம்."

"நீ சொல்லாம நான் எதைத் தொட்டிருக்கேன்? கல்யாணம் ஆன நாள்ல இருந்து அதானே சட்டம்."

ஓவியக்காரி சிரிப்பது கேட்டது. பீரோ மேலே போனது. மறுபடியும் போனது. மருந்துக்கடையில் யாரோ இருமல் மருந்து கேட்டு வந்துவிட, கணவன் மூலையைக் கைவிட்டான், சைக்கிள் நசுங்கியது. இணைப்பு மட்டும் அறுபடவில்லை.

மௌனிக்கு அலுவலக வேலை வந்துவிட்டதால் அவன் இடத்துக்கு நாத்தனாரைச் சேர்த்தாள். கணவனின் தங்கை, அடுத்த தெருவில் வீடு, பள்ளி வேன் ஓட்டுகிறாள். காலை மாலை வண்டி, மதியம் ஓய்வு. வீட்டில் அவளுக்குப் பட்டாசு என்று பெயர். கேள்வி முடிவதற்குள் பதில் சொல்வாள். சில சமயம் வேறு கேள்விக்கு.

"அண்ணி, வந்துட்டேன், பீரோ இதானா, என்ன இப்படித் துருப்பிடிச்சுக் கெடக்கு, சரி தூக்குங்க."

திரை உறைந்தது. இணைப்பு துண்டிக்கப்பட்டது.

மறுபடி ஆடினார்கள். மறுபடி அறுந்தது. பட்டாசை விட்டுவிட்டு, வேலை முடித்த மௌனியைச் சேர்த்தால் ஓடியது. பட்டாசு வந்தால் அறுந்தது. ஆந்தைக்குப் பழைய வசனம் தானாக நாக்கில் வந்து உட்கார்ந்தது.

"எங்க பக்கம் எல்லாம் சரியா இருக்கு. உன் பக்கம் ஒரு தடவை பார்க்கணும்."

"என் பக்கம் என்ன அண்ணி? சீரியல் பாக்குறேன், பாட்டு கேக்குறேன், ஒண்ணும் அறுந்துபோகலையே."

"நான் வந்து பாக்குறேன் இரு."

பட்டாசின் வீட்டில் ரவுட்டர் டப்பாவைத் தேடுவதே ஒரு வேலையாக இருந்தது. ஃப்ரிட்ஜுக்குப் பின்னால், பழைய துடைப்பத்துக்கும் சுவருக்கும் நடுவில், ஒட்டடை போர்த்திக்கொண்டு பச்சையாகக் கண் சிமிட்டியது. ஆந்தைக்கு உள்ளுக்குள் ஒரு சந்தோஷம். குற்றவாளி கிடைத்துவிட்டான்.

"இதை யாராவது ஃப்ரிட்ஜுக்குப் பின்னாடி வைப்பாங்களா?"

"லைன்காரர் அங்கதான் வெச்சார். நான் என்ன, டப்பாவுக்கு ஜாதகம் பார்த்தா வெக்கச் சொன்னேன்?"

டப்பாவை எடுத்துத் துடைத்து அலமாரிமேல் வைத்தாள். அணைத்துப் போட்டாள். கம்பியை நேராகக் கணினியில் செருகினாள். பக்கத்து வீட்டு வைஃபைகள் மோதாதபடி அலைவரிசையை மாற்றினாள். பட்டாசின் கணினியிலிருந்து சர்வருக்குச் செய்தி போய்த் திரும்பும் நேரத்தை அளந்தாள். தன் வீட்டைவிட வேகமாக இருந்தது. அதைப் பார்த்தபோது சந்தோஷம் கொஞ்சம் இறங்கியது. கையோடு கொண்டுவந்த மடிக்கணினியில் அங்கிருந்தே அறையைத் திறந்து மற்றவர்களைக் கூப்பிட்டாள்.

ஆடினார்கள். அறுந்தது.

ஆடினார்கள். இந்தமுறை பீரோ கிளம்பும் முன்பு பட்டாசின் போன் அடித்தது. பள்ளியிலிருந்து யாரோ. அவள் பேசி முடித்துவிட்டு வந்து பொத்தானை அழுத்தினாள். பீரோ மேல்மாடிவரை சுகமாகப் போனது.

ஆந்தையும் பட்டாசும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

"போன் வந்ததால அறுபடாம நின்னுடுச்சோ?" என்றாள் பட்டாசு.

"போன் வந்தா அறுந்ததுன்னு கேள்விப்பட்டிருக்கேன். போன் வந்து நின்னதுன்னு இன்னைக்குத்தான் பாக்குறேன்."

ஆனாலும் மனசு கேட்கவில்லை. ஆந்தை தன் போனிலிருந்து அவளைக் கூப்பிட்டாள். பட்டாசு பழக்கத்தில் எடுத்து "ஹலோ, யாரு?" என்றாள். "நான்தான், எதிர்ல நிக்கிறேன்" என்றாள் ஆந்தை. பீரோ ஓடியது. இன்னொரு தடவை கூப்பிட்டாள். பட்டாசு "அண்ணிதானே" என்று எடுக்காமலே விட்டாள். அறுந்தது. போன் அடித்தால் போதாது, எடுக்க வேண்டும் போலிருக்கிறது. இதை யாரிடம் போய்ச் சொல்வது? கம்பெனிக்காரர்களிடம், ஆடுவதற்கு முன் ஒருவருக்கொருவர் போன் செய்துகொள்ளுங்கள் என்றா?

சாயங்காலம் மௌனியைக் கேட்டாள்.

"அறுந்த நேரத்துல யார் லைன் போச்சுன்னு சர்வர்ல பார்த்தீங்களா?"

"பார்த்தேன்."

"யாரோடது?"

"யாரோடதும் இல்ல. நாலு பேரும் இருக்காங்க."

"நாலு பேருக்கும் துண்டிச்சுடுச்சுன்னு வந்துச்சே."

"ஆமா."

"அப்ப துண்டிச்சது யாரு?"

மௌனி சர்வர் பதிவை இன்னொரு தடவை மேலிருந்து கீழே ஓட்டினான். "அதான் புரியல" என்றான். அன்றைக்கு அவன் பங்கு வார்த்தைகள் தீர்ந்துவிட்டன.

கல்லைக் கண்டால் நாயைக் காணோம் என்ற கதையாக இருந்தது. திரையைக் கேட்டால் யாரும் இல்லை என்கிறது, சர்வரைக் கேட்டால் எல்லோரும் இருக்கிறார்கள் என்கிறது. ஆந்தை ராத்திரி கூரையைப் பார்த்துக்கொண்டு படுத்திருந்தாள்.

மறுநாள் பட்டாசையே தன் வீட்டுக்கு வரச் சொன்னாள். இங்கே ஒரு குறையும் இல்லாத இணைப்பு. தன் நாற்காலியில் அவளை உட்காரவைத்துவிட்டு, தான் பட்டாசின் வீட்டுக்குப் போய் அங்கே உட்கார்ந்தாள். வீடு மாறினால் பிழையும் இடம் மாற வேண்டும் இல்லையா? அறையை ஆந்தை அங்கிருந்து திறந்தாள். காதில் நாத்தனாரின் குரல்.

"அண்ணி, உங்க நாற்காலி என்ன இவ்வளவு தாழ்வா இருக்கு, சரி, பீரோ வந்துடுச்சு, தூக்குறேன்."

அறுந்தது.

பிழை வீட்டோடு தங்கவில்லை. பட்டாசுடன் நடந்து போய் ஆந்தையின் வீட்டில் உட்கார்ந்துகொண்டது. மதியச் சாப்பாட்டுக்கு வந்திருந்த கணவன் இதைப் பார்த்துச் சிரித்தான்.

"சின்ன வயசுலயே இவ தொட்ட பல்பு ஃப்யூஸ் போகும். ரேடியோ கரகரன்னும். கைராசி அப்படி."

அவன் சொன்னது வேடிக்கைக்கு. ஆனால் அந்த வேடிக்கையைப் பட்டாசு சிறுவயது முதல் கேட்டு வந்திருக்கிறாள் என்பது அப்போதுதான் தெரிந்தது.

"ஆமாண்ணா. நான் பிறந்தப்பகூட கரண்ட் போச்சாம், அம்மா சொல்லும். என் வேன் மட்டும் எப்படி ஓடுதுன்னு தெரியல." சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டாள். கதவு சாத்திய சத்தம் ஆந்தைக்கு ஹெட்போனில், அடுத்த தெருவில் கேட்டது.

அவள் பட்டாசின் வீட்டிலேயே, அலமாரிமேல் தான் தூக்கி வைத்த டப்பாவைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அது ஒரு பாவமும் அறியாமல் கண் சிமிட்டியது. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். இங்கே கூடம் நேராகத்தான் இருந்தது. கோணல் எங்கே என்று தெரியவில்லை.

பட்டாசு உள்ளே நுழைந்தாள். முகம் உப்பியிருந்தது.

"இன்னுமா இருக்கீங்க? டப்பாவைத் திரும்ப ஃப்ரிட்ஜுக்குப் பின்னாடி வெக்கணுமா?"

"நாளைக்கு எங்க ஆபீஸுக்கு வர்றியா?"

"எதுக்கு, அங்கயும் ஃப்யூஸ் போறதுக்கா?"

"அங்க இதுவரைக்கும் ஒரு தடவைகூட அறுந்ததில்ல. நீ வந்தும் அறுபடலைன்னா உன் கைராசி மேல யாரும் வாய் திறக்கமாட்டாங்க."

"அறுந்துச்சுன்னா?"

ஆந்தை எழுந்துகொண்டாள். "அறுந்துச்சுன்னா நான் ராத்திரி வேலைக்குப் போயிடுவேன்" என்றாள்.

பட்டாசு செருப்பைக் கழற்றி ஓரமாக விட்டாள். அந்த இரவு வேலை நாட்களில் தன் அண்ணன் தனியாக உட்கார்ந்து சாப்பிட்டதைப் பார்த்தவள் அவள். "வண்டியை விட்டுட்டு வர்றேன்" என்றாள்.

வியாழக்கிழமை வந்தாள். ஓவியக்காரி எழுந்து தன் நாற்காலியைக் கொடுத்தாள். அண்ணன் தன் கையால் தேநீர் ஊற்றிக் கொடுத்து, "உட்காரும்மா, இங்க எல்லாம் கம்பி வழி இணைப்பு, கவலையே வேண்டாம்" என்றார். கீழே காற்று இயந்திரம் அதிர்ந்துகொண்டிருந்தது.

அண்ணன் அறையைத் திறந்தார். நால்வரும் நுழைந்தார்கள். நடுவில் பீரோ.

"வந்தாச்சா எல்லாரு..."

டக். பட்டாசு பொத்தானை அழுத்திவிட்டாள். திரையில் அவளுடைய பொம்மை குனிந்து பீரோவின் மூலையைப் பிடித்தது.

அறையில் ஒரு சங்கடம் பரவியது. ஓவியக்காரி வாயைப் பொத்திக்கொண்டாள். மௌனி தலையை நிமிர்த்தி அண்ணனைப் பார்த்தான். ஆந்தையும் அண்ணனைத்தான் பார்த்தாள். அண்ணன் "பரவால்ல, பரவால்ல" என்று அவசரமாகத் தன் பொத்தானை அழுத்தினார். பிறகு மற்ற இருவரும் அழுத்தினார்கள்.

திரை உறைந்தது. அந்த அலுவலகத்தில் முதல்முறையாக.

"போச்சா?" என்றாள் பட்டாசு, மெல்லிய குரலில்.

அண்ணன் கையைப் பிசைந்தார். மௌனி கம்பிகளைப் பார்க்கக் குனிந்தான். ஆந்தையின் மனசு வேறெங்கோ நின்றது. இப்போது எல்லோரும் எதற்காகத் திடுக்கிட்டார்கள்? அறுந்ததற்கு அல்ல. திடுக்கிட்டது அதற்கு முன்பே. இந்தப் பெண் அண்ணனுக்கு முன்னால் கை வைத்துவிட்டாளே என்று.

அதுவரை யாரும் வைத்ததில்லை. இந்தக் கேமைத் தொடங்கிய நாள் முதல் அண்ணன் அழுத்திய பிறகுதான் மற்றவர்கள் அழுத்தினார்கள். அப்படி ஒரு விதி இல்லை. யாரும் சொல்லவும் இல்லை. வயதில் மூத்தவர், கூப்பிட்டு வேலை கொடுத்தவர் இருக்க, நாம் எப்படி முதலில் கை வைப்பது என்று அவரவர் தானாக விட்டுக்கொடுத்தது. வீட்டிலும் அதேதான். அறையைத் திறந்தவள் அழுத்தட்டும் என்று ஓவியக்காரி காத்திருந்தாள். கணவனோ, அவள் சொல்லாமல் எதையும் தொடாதவன். போனில் பேசிக்கொண்டிருந்தபோது பட்டாசின் கை போனில் இருந்தது. பேசி முடித்து வருவதற்குள் மற்றவர்கள் பிடித்துவிட்டிருந்தார்கள்.

"இன்னொரு தடவை ஆடலாம்" என்றாள் ஆந்தை. "இந்தத் தடவை நீ கடைசியா அழுத்து."

"கடைசியாவா? நான் எப்ப கடைசியா எதைப் பண்ணியிருக்கேன்?"

"கையைத் தொடைக்கு அடியில வெச்சுக்கோ."

பட்டாசு கையைத் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டாள். அண்ணன் அழுத்தினார், மௌனி, ஆந்தை, கடைசியில் பட்டாசு. பீரோ மேல்மாடி போனது.

"அப்ப என் கைராசி?" என்றாள் பட்டாசு.

"இரு."

இன்னும் ஒன்று மிச்சம் இருந்தது. பட்டாசை வைத்துச் செய்தால், அவள் ராசிதான் என்று மறுபடியும் யாராவது சொல்வார்கள். ஆந்தையே செய்ய வேண்டும். அண்ணன் அறையைத் திறந்தார். "வந்தாச்சா எல்லாரும்?" என்றார். ஆந்தை விரலைப் பொத்தான்மேல் வைத்தாள். அது கீழே இறங்கவில்லை. ஒரு பச்சைப் பொத்தான், திரையில் ஒரு பொம்மை, துருப்பிடித்த ஒரு பீரோ. இதில் மரியாதை எங்கிருந்து வந்தது என்று அவளுக்கே விளங்கவில்லை. அண்ணன் கையைத் தூக்கப் போனார்.

"அண்ணா, நீங்க முதல்ல அழுத்தாதீங்க. மன்னிச்சுக்கங்க."

கண்ணை மூடிக்கொண்டு அழுத்தினாள். பிறகு மற்ற மூவரும் அழுத்தினார்கள்.

அறுந்தது.

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அடக்க முடியவில்லை. ஓவியக்காரி, "என்ன ஆச்சு இவளுக்கு, அறுந்ததுக்குப் போய்ச் சிரிக்கிறா" என்றாள். ஆந்தை விஷயத்தைச் சொன்னாள். அண்ணனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. மௌனி மட்டும் முகம் வெளிறி, சர்வரைத் திறந்து, கீழே கீழே போய், ஓரிடத்தில் நின்றான்.

"முதல்ல பிடிக்கிறவர்தான் அறையைத் திறந்தவர்னு எழுதி வெச்சிருக்கேன்" என்றான். "அவர் சொல்படிதான் மத்த மூணு பேரும் நகரணும். வேற ஆள் முதல்ல பிடிச்சா சர்வர் அந்த ஆளைத் தலைவர்ங்குது. அறையைத் திறந்தவர் கணினி நான்தான் தலைவர்ங்குது. ஒரு பீரோவுக்கு ரெண்டு மேஸ்திரி. சண்டை வந்து கேம் எல்லாரையும் வெளிய தள்ளிடுது. லைன் யாருக்கும் போகல."

அவன் அத்தனை வார்த்தை பேசி அங்கே யாரும் கேட்டதில்லை.

"ஏன் அப்படி எழுதினீங்க?" என்றாள் ஆந்தை.

"வேற யாரு முதல்ல அழுத்துவா?" என்றான் மௌனி. உண்மையிலேயே புரியாமல்தான் கேட்டான். "அண்ணன் இருக்கும்போது?"

அண்ணன் தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "நான் உங்களைக் காத்திருக்கச் சொன்னேனா?" என்றார். "ஒருநாளாவது சொன்னேனா?"

"இல்லண்ணா."

"பின்ன?"



"அப்ப அண்ணி, என் வீட்டு டப்பா?" என்றாள் பட்டாசு.

"நல்ல டப்பா. என் வீட்டு டப்பாவைவிட நல்ல டப்பா."

"இதை எங்கண்ணன்கிட்ட நீங்களே சொல்லணும். நான் சொன்னா சிரிப்பார்."

மௌனி அந்த வரியைத் திருத்தினான். யார் முதலில் பிடித்தாலும், திறந்தவரே தலைவர். சின்ன வேலைதான். பட்டாசை உட்காரவைத்து முதலில் அழுத்தச் சொன்னார்கள். அழுத்தினாள். அதற்கு யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டியிருக்கவில்லை. பீரோ போனது. வேன் எடுக்கும் நேரம் வரும்வரை அழுத்திக்கொண்டே இருந்தாள். அறுபடவில்லை.

வெள்ளிக்கிழமை கம்பெனிக்காரர்கள் வந்தார்கள். திரைக்குள்தான். ஒரு அம்மா, ஒரு இளைஞர், ஆளுக்கு ஒரு வீட்டிலிருந்து. இந்தப் பக்கம் அண்ணனும் ஆந்தையும். மௌனி சர்வரைப் பார்த்துக்கொண்டு நின்றான். ஓவியக்காரி நகத்தைக் கடித்தாள்.

அண்ணன் அறையைத் திறந்தார். நான்கு பொம்மைகள் பீரோவைச் சுற்றி நின்றன.

"வந்தாச்சா எல்லாரும்?"

"வந்தாச்சு" என்றார்கள் அவர்கள்.

பிறகு ஒன்றும் நடக்கவில்லை. அண்ணன் இரண்டு கையையும் மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இனிமேல் நான் முதலில் அழுத்த மாட்டேன் என்று காலையிலேயே முடிவு செய்துவிட்டார் போலும். அந்த அம்மா, கேம் செய்தவர்கள் தொடங்கட்டும் என்று காத்திருந்தார். அந்த இளைஞர் அந்த அம்மா தொடங்கட்டும் என்று காத்திருந்தார். ஆந்தை அண்ணனைப் பார்த்தாள். அண்ணன் ஆந்தையைப் பார்த்தார். பொம்மைகள் நான்கும் பீரோவைப் பார்த்துக்கொண்டு, துக்க வீட்டுக்கு வந்தவர்கள் மாதிரி நின்றன.

பூனைக்கு மணி கட்டுவது யார்? நேற்று ஓடியது நேற்று. அலுவலகத்துக்குள் ஓடியது அலுவலகத்துக்குள். வெளியே இரண்டு வீடுகள் இருக்கின்றன. அங்கே ஃப்ரிட்ஜுக்குப் பின்னால் என்ன இருக்கிறதோ. ஆந்தையின் விரல் பொத்தான்மேலேயே இருந்தது. அதை அழுத்தினால் ஒன்று பீரோ கிளம்பும், இல்லாவிட்டால் கண்ணாடித் தடுப்பும் காதுக் கருவியும்.

"ஹலோ?" என்றார் கம்பெனி அம்மா. "ஹலோ? சத்தத்தையே காணோமே. லைன் போயிடுச்சா? என் பக்கம் ஏதாவது பண்ணணுமா?"

எத்தனையோ விடியல்களில் சொல்லிச் சொல்லித் தேய்ந்த வசனம் தொண்டைவரை வந்தது. ஆந்தை அதை விழுங்கினாள்.

"உங்க பக்கம் எல்லாம் சரியா இருக்குங்க" என்றாள். "தடங்கல் எங்க பக்கம்."

அழுத்தினாள்.

அவளுடைய பொம்மை குனிந்து மூலையைப் பிடித்தது. அந்த அம்மாவின் பொம்மை பிடித்தது, அந்த இளைஞருடையதும். பீரோ மூன்று மூலையில் எழும்பி நான்காவதில் தரையோடு ஒட்டிக்கொண்டு நின்றது. ஓவியக்காரி நகத்தை விட்டாள். மௌனி மூச்சை விடவில்லை.

"அண்ணா" என்றாள் ஆந்தை. "உங்க மூலை."

"ஆங்?" அண்ணன் தன் கைகளைப் பார்த்தார். "எனக்கு எப்ப அழுத்தணும்னே தெரியலம்மா இப்ப."

"இப்பத்தாண்ணா."

அழுத்தினார். கீழே காற்று இயந்திரம் நின்றது. பீரோ மெல்ல ஆடி, முதல் படியில் ஏறியது.